காட்டுதலும் காணுதலும்

நம் மார்க்க நூல்களில் 'ரியா' என்றொரு சொல் அடிக்கடி பயின்று வரும். நம்மவர் அதனை 'முகஸ்துதி' என்று தமிழாக்கி நெடுங்காலமாக வழங்கி வருகின்றனர். எனக்கு அந்த மொழியாக்கத்தில் முழு மனநிறைவு இருந்ததில்லை. முகஸ்துதி என்றால் பொதுத் தமிழில் ஒருவரை அவர் முகத்துக்கு நேரே புகழ்வது. ரியாவோ, பிறர் தன்னைப் பார்க்க வேண்டும் என்பதற்காக ஒன்றைச் செய்வது. அரபியில் 'ரஆ' என்றால் 'கண்டான்' என்பது பொருள். பார்வையைக் குறிக்கும் 'ருஃயத்'தும், முகம் பார்க்கும் கண்ணாடியைக் குறிக்கும் 'மிர்ஆத்'தும், 'ரியா'வும் அந்த ஒரே வேரிலிருந்து கிளைத்தவை. பார்வையும் கண்ணாடியும் பகட்டும் ஒரு தாய் வயிற்றுப் பிள்ளைகள். இந்த உறவைப் பல ஆண்டுகளாக மாணவர்களுக்குச் சொல்லிக் கொடுத்து வந்திருக்கிறேன். ஆயினும் அதன் முழு விளக்கத்தை நான் கண்டது ஒரு கிதாபில் அன்று; 1928 ஆம் ஆண்டு அமெரிக்காவில் வெளிவந்த ஓர் ஊமைப்படத்தில் என்று சொன்னால் வாசகர்களில் சிலர் முகம் சுளிக்கக்கூடும்.

நானும் சுளித்த முகத்துடன்தான் போனேன். கல்லூரியில் படிக்கும் என் மகள் ஒரு விடுமுறை நாளில் கணினித் திரையின் முன் அமர்ந்து விழுந்து விழுந்து சிரித்துக்கொண்டிருந்தாள். கண்டிப்பதற்காக அறைக்குள் நுழைந்தவன், "வாப்பா, இந்த ஒரு இடத்த மட்டும் பாருங்களேன்" என்று அவள் சொல்லவே நின்றேன். பிறகு நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்துவிட்டேன்.

படத்தின் பெயர் 'ஷோ பீப்பிள்'. வேடிக்கை காட்டிப் பிழைப்போர் என்று அதற்குப் பொருள் கூறலாம். மெட்ரோ கோல்ட்வின் மேயர் நிறுவனம் வெளியிட்டது. இயக்கியவர் கிங் விடார். பேசும் படம் அரும்பிவிட்ட காலம் அது. இப்படத்திலோ இசை உண்டு, பேச்சு இல்லை. ஜார்ஜியா மாநிலத்திலிருந்து பெக்கி பெப்பர் என்னும் இளம்பெண், பழம்பெருமை பேசும் தந்தையுடன் ஒரு பழைய மோட்டார் வண்டியில் ஹாலிவுட்டுக்கு வந்து சேர்கிறாள். சோகக் காவியங்களில் நடித்து உலகை அழவைக்க வேண்டும் என்பது அவளது கனவு. மகள் என்னைக் கூப்பிட்டுக் காட்டிய இடம், நடிகர்களைத் தேர்ந்தெடுக்கும் அலுவலகத்தில் நிகழ்வது. தந்தை ஒரு கைக்குட்டையை மகளின் முகத்துக்கு முன்னே பிடிக்கிறார். சிந்தனை என்கிறார், கைக்குட்டை விலகுகிறது, பெண் முகத்தில் சிந்தனை. மீண்டும் மறைக்கிறார், துயரம் என்கிறார், துயரம். மகிழ்ச்சி என்கிறார், மகிழ்ச்சி. கடையில் துணி விற்பவர் ஒவ்வொரு சுருளாக விரித்துக் காட்டுவது போலத் தந்தை மகளின் முகங்களை விரித்துக் காட்டுகிறார்.

சிரிப்பு வந்தது உண்மைதான். ஆனால் சிரித்து முடிந்தபின் ஒரு கேள்வி எஞ்சி நின்றது. கைக்குட்டை மறைத்திருந்த அந்த நொடிகளில் அவள் முகம் எப்படி இருந்திருக்கும்? அதைப் படம் காட்டுவதில்லை. அலுவலகத்தில் இருப்போருக்கும் அது தேவையில்லை. அவளுக்கே தேவையில்லை என்பதுதான் கதை.

கதையின் போக்கைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். உணவுக்கூடத்தில் அழைப்பின்றி வந்து அவர்கள் மேசையில் அமர்கிறான் பில்லி பூன் என்னும் கோமாளி நடிகன். நடிக்க வாய்ப்பு வாங்கித் தருகிறான். உயர்ந்த நாடகமொன்றில் நடிக்கப் போவதாக எண்ணித் தன் சிறந்த உடையோடு அவள் காட்சியில் நுழைய, அழுத்தினால் பீய்ச்சியடிக்கும் சோடாக் குப்பியிலிருந்து தண்ணீர் அவள் முகத்தில் பாய்கிறது. அது நகைச்சுவைப் படம் என்று அவளுக்கு யாரும் சொல்லவில்லை. அவமானம் தாங்காமல் அழுகிறாள். பில்லி ஆறுதல் சொல்ல, கண்ணைத் துடைத்துக்கொண்டு மீண்டும் வந்து நிற்கிறாள், மீண்டும் நனைவதற்கு. எனக்கு அவள் மீது மதிப்பு உண்டானது அந்த இடத்தில்தான். வெற்றி வருகிறது. 'உயர் கலை' என்றே பெயர் சூட்டிக்கொண்ட ஒரு நிறுவனம் அவளை மட்டும் அழைக்கிறது, பில்லியை அழைக்கவில்லை. அங்கே பெக்கி பெப்பர் பெட்ரிசியா பெப்வார் ஆகிறாள். உதட்டைக் குவித்து முன்பல்லைச் சிறிதே காட்டும் ஒரு பாவனையைக் கற்றுக்கொள்கிறாள். அதன்பின் அவள் சிரிப்பதும் சினப்பதும் வணக்கம் சொல்வதும் எல்லாம் அந்த ஒரே உதட்டால்தான். பிரெஞ்சுப் பிரபு என்று பட்டம் சொல்லிக்கொள்ளும் ஆந்திரே என்ற சக நடிகன் அவளுக்கு ஆசானாகிறான். பிறகு மணமகனாகவும் ஆகப் பார்க்கிறான். ஒருநாள் வெளிப்புறப் படப்பிடிப்பில் பழைய நண்பன் பில்லி எதிர்ப்பட்டு ஓடோடி வர, அவள் அவனை அறிந்தும் அறியாதவள் போல நடந்துகொள்கிறாள்.

இதற்கு முன்பே நிகழும் ஒரு சிறு காட்சியில்தான் படத்தின் உயிர் இருப்பதாக நான் கருதுகிறேன்.

பெக்கியின் முதல் படம் முன்னோட்டமாகத் திரையிடப்பட்டு மக்கள் சிரித்துக் கொண்டாடிய இரவு. திரையரங்கை விட்டு வெளியே வருகிறார்கள். அடக்கமான தோற்றமுடைய, குள்ளமான ஒரு மனிதர், கையில் ஒரு சிறு ஏட்டுடன் அவளிடம் வந்து கையொப்பம் கேட்கிறார். அவளுக்கு எரிச்சல். பில்லி தூண்டியதால் வேண்டாவெறுப்பாகப் போட்டுக் கொடுக்கிறாள். அவர் நன்றி கூறிப் போகிறார். போனவர் யார் தெரியுமா என்கிறான் பில்லி. சார்லி சாப்ளின்! அவள் மயங்கி விழுகிறாள். அதில் தோன்றுபவர் உண்மையான சாப்ளினே. ஒட்டு மீசையும் தொப்பியும் கைத்தடியும் இல்லாத சாப்ளின்.

புகழ் அவளைத் தொட்டுச் சில நிமிடங்கள்கூட ஆகியிருக்காது. அதற்குள் பார்வை போய்விட்டது. அவளுடைய தொழிலின் தலைமகன் அவள் முன்னே நிற்கிறார். அவர் தன்னைப் பார்க்கிறார் என்பது மட்டுமே அவளுக்குத் தெரிகிறது. தான் அவரைப் பார்க்க வேண்டும் என்பது தோன்றவில்லை. அப்படத்தின் பொருளை ஒரு வரியில் சொல்லச் சொன்னால், பிறர் கண்ணுக்கு ஆசைப்பட்டவள் தன் கண்ணை இழந்தாள் என்பேன். சாப்ளினை அறியாத அந்தக் கண்தான் பின்னர் போலிப் பிரபுவை மெய்யென்று நம்புகிறது. இரண்டும் வெவ்வேறு பிழைகள் அல்ல. எளிய உடையில் வந்த பெரியவரைச் சிறியவர் என்று எண்ணியவள், பகட்டான உடையில் வந்த சிறியவனைப் பெரியவன் என்று எண்ணாமல் வேறென் செய்வாள்?

இமாம் கஸ்ஸாலி (ரஹ்) அவர்கள் தமது 'இஹ்யா'வில் மனிதனை அழிக்கும் குணங்களைப் பற்றிய பகுதியில் மூன்று நூல்களை அடுத்தடுத்து வைத்திருக்கிறார்கள். புகழாசையும் ரியாவும் பற்றியது ஒன்று. கிப்ர் என்னும் பெருமையும் உஜ்பு என்னும் தன்வியப்பும் பற்றியது அடுத்தது. ஃகுரூர், அதாவது ஏமாந்துபோதல் பற்றியது மூன்றாவது. மாணவனாக இருந்தபோது இந்த வரிசையின் நுட்பம் எனக்குப் புலப்படவில்லை. தன்வியப்புக்கு இன்னொருவர் தேவையில்லை. உலகில் தனியாகவே படைக்கப்பட்டிருந்தாலும் ஒருவன் தன்னை வியந்துகொள்ளலாம். பெருமைக்கோ, தனக்குக் கீழே வைத்துப் பார்க்க ஒருவர் வேண்டும். இவ்வளவும் இமாமவர்கள் விளக்குவது. ரியாவுக்கு எதிரே பார்க்கும் கண் ஒன்று வேண்டும் என்று அதனோடு நான் சேர்த்துக்கொள்வேன். பெக்கி முதலில் பிறர் கண்ணை நாடினாள், பிறகு பில்லியைக் கீழே வைத்தாள், முடிவில் ஏமாந்தாள். பிறரை ஏமாற்றப் புறப்பட்ட ஒருவர் கதையின் கடைசியில் ஏமாந்தவராக நிற்பதைத்தான் அந்த மூன்றாம் நூல் பேசுகிறது. ஏமாந்தவர்களின் வரிசையில் இமாமவர்கள் முதலில் நிறுத்துவது யாரை என்றால், செல்வரை அல்லர், கல்விமான்களை. இதை எழுதும்போது என் கை சற்றுத் தயங்குகிறது. அதற்குரிய காரணத்தைப் பின்னால் சொல்கிறேன்.

அப்படியானால் தோற்றம் என்பதே பொய்யா, வேடம் என்பதே குற்றமா என்று கேட்கலாம். நீதிபதி கறுப்பு அங்கி அணிகிறார். மிம்பரில் ஏறும் ஹஜ்ரத் ஜுப்பா அணிகிறார். இவை மனிதனைச் சுட்டுபவை அல்ல, அவர் வகிக்கும் பொறுப்பைச் சுட்டுபவை. பார்ப்பவருக்கும் அது தெரியும். இவ்விடத்தில் முல்லா கதை நம் வீட்டுக் குழந்தைகளுக்கும் நினைவு வரும்: கந்தல் உடையோடு விருந்துக்குப் போனபோது யாரும் கவனிக்கவில்லை, நல்ல அங்கியோடு திரும்பிப் போனபோது தலைவாசலில் வரவேற்று உட்கார வைத்தார்கள், முல்லா சட்டைக் கையைச் சோற்றுத் தட்டில் தோய்த்து, உனக்குத்தானே இந்த விருந்து, சாப்பிடு என்றார். அங்கி அங்கே குற்றவாளி அன்று. அதைப் பார்த்தவர்கள் அதற்குள் இருந்தவரைப் பார்க்க மறந்ததே குற்றம்.

கோமாளியின் வேடமும் அப்படித்தான். சோடாத் தண்ணீரில் நனையும் முகத்தைக் கண்டு யாரும் ஏமாறுவதில்லை; நனைபவரும் பார்ப்பவரும் வாய்திறவாமல் செய்துகொண்ட ஓர் உடன்படிக்கை அது. வஞ்சகம் தொடங்குவது, உடன்படிக்கையில் ஒரு தரப்புக்கு மட்டும் செய்தி தெரியாதபோது. ஆந்திரேயின் பிரபுப் பட்டம் அவ்வகை. ஆனால் பெட்ரிசியா பெப்வார் யாரை ஏமாற்றினாள்? படம் பார்க்கும் பொதுமக்களையா? இல்லை. அவள் படங்களைத் திரையிட மறுக்கிறார்கள் அரங்க உரிமையாளர்கள். மக்களுக்குப் பழைய பெக்கிதான் வேண்டும், இந்தப் புதியவள் சலித்துவிட்டாள் என்று நிறுவனத் தலைவர் அவளிடமே சொல்லிவிடுகிறார். ஊர் முழுவதும் உண்மையை அறிந்திருந்தது. அந்தப் பாவனையை நம்பியவள் அவள் ஒருத்திதான். கண்ணீர் விஷயத்திலும் இதே கதைதான். அவமானப்பட்ட அன்று கேட்காமலே கொட்டிய கண்ணீர், உயர் கலை நிறுவனத்தார் சோக இசை வாசிக்கச் செய்து வேண்டி நின்றபோது எளிதில் வருவதில்லை.

படம் குறையற்றது என்று நான் சொல்லவரவில்லை. பிரிவுக் காட்சிகள் இழுபடுகின்றன. அன்றைய பெரும் நட்சத்திரங்கள் பலரை ஒரே விருந்து மேசையில் வரிசையாக உட்காரவைத்துக் காட்டும் இடம் ஒன்று உண்டு. கதைக்கு அதனால் பயன் மிகக் குறைவு. பகட்டை நகைப்பதாகச் சொல்லிக்கொண்டே, எங்களிடம் யார் யார் இருக்கிறார்கள் பாருங்கள் என்று அந்த நிறுவனம் பகட்டிக்கொள்வதாகவே எனக்குப் பட்டது.

அதற்கு ஈடாக ஒன்று செய்திருக்கிறார் விடார். முன்னோட்டம் நடந்த அந்த இரவில் பெக்கியின் சிரிப்புப் படத்தை அடுத்து ஒரு காதல் காவியம் திரையில் ஓடுகிறது. அவள் அதைக் கண்டு உருகுகிறாள். பில்லி எள்ளி நகையாடுகிறான். அவன் எள்ளும் படம் 1926 இல் விடாரே இயக்கிய 'பார்டெலிஸ் தி மேக்னிஃபிசென்ட்'. தன் உழைப்பைத் தானே கேலிக்குக் கொடுத்திருக்கிறார். இதில் விதியின் விளையாட்டு ஒன்றும் சேர்ந்துகொண்டது. அந்தக் காவியத்தின் படச்சுருள் பின்னர் தொலைந்துபோயிற்று. 2006 இல் பிரான்சு நாட்டில் ஒரு பிரதி அகப்படும்வரை, கேலிக்காக இங்கே வெட்டி ஒட்டப்பட்ட அந்தச் சில கணங்களின் வழியாகத்தான் அது உலகில் உயிர்வாழ்ந்தது.

தன்னைத் தானே நகைத்துக்கொள்ளும் இந்தத் துணிவைக் காணும்போது எனக்கு பஸராவின் பேரறிஞர் ஜாஹிள் நினைவுக்கு வருகிறார். ஹிஜ்ரி மூன்றாம் நூற்றாண்டில் அரபு உரைநடையின் தலைமகனாக விளங்கியவர். 'கஞ்சர்களின் நூல்' எழுதி உலோபத்தைச் சிரித்தே சாய்த்தவர். ஜாஹிள் என்பது அவர் இயற்பெயர் அன்று. விழி பிதுங்கியவர் என்று பொருள்படும் பட்டப்பெயர். கேலிப் பெயரே நிலைத்தது. அவர் தம்மைப் பற்றித் தாமே சொன்னதாக வழங்கும் கதை ஒன்று உண்டு. ஒரு பெண் அவரைத் தெருவில் நிறுத்தி ஒரு பொற்கொல்லரின் கடைக்கு அழைத்துச் செல்கிறாள். 'இதைப் போல' என்று அவரைச் சுட்டிக் காட்டிவிட்டுப் போய்விடுகிறாள். ஒன்றும் விளங்காமல் நின்றவருக்குப் பொற்கொல்லர் விளக்குகிறார்: மோதிரத்தில் ஷைத்தானின் உருவத்தைப் பொறிக்கச் சொன்னாள், நான் ஷைத்தானைக் கண்டதில்லையே என்றேன், அதனால் உங்களை அழைத்து வந்தாள். இந்தக் கதையை வேறொருவர் சொல்லியிருந்தால் அது வசை. அவர் சொன்னதால் அது விடுதலை. பிறர் கண்ணில் தம் உருவம் என்ன என்பதை அவர் நன்கு அறிந்திருந்தார். அதை நகையாக்கிக் கையில் எடுத்துக்கொண்டபின், அந்தக் கண்களுக்கு அவர் மீது அதிகாரம் இல்லாமற் போயிற்று.

விடாருக்குக் கைகூடியது அவருடைய படத்துக்குப் பணம் தந்தவருக்குக் கைகூடவில்லை. பெக்கியாக நடித்தவர் மேரியன் டேவிஸ். அவருக்குக் காவலராக நின்றவர், அமெரிக்கப் பத்திரிகை உலகின் பெருஞ்செல்வர் வில்லியம் ராண்டால்ஃப் ஹெர்ஸ்ட். மேரியனுக்கு நகைச்சுவை இயல்பாக வரும். ஹெர்ஸ்டுக்கோ அவரைப் பழங்கால அரசிகளின் உடையில் கண்ணியமாகக் காண ஆசை. இந்தப் படத்தில் கிரீம் அப்பிய பலகாரத் தட்டை மேரியனின் முகத்தில் வீசுவதாக முதலில் திட்டம் இருந்ததாம். கோமாளிப் படங்களின் முத்திரையே அதுதான். ஹெர்ஸ்ட் ஒப்பவில்லை. மேரியனின் முகத்தில் அது படக்கூடாது என்று உறுதியாக நின்றுவிட்டார். வேறு வழியின்றிச் சோடாத் தண்ணீர் பீய்ச்சுவதாக மாற்றினார்கள். இது விடார் பின்னாளில் சொன்ன செய்தி. பெக்கியைப் பெட்ரிசியாவாக்கத் துடித்த 'உயர் கலை' நிறுவனம் திரைக்குள் மட்டும் இருக்கவில்லை என்பது இதனால் விளங்குகிறது. பகட்டைப் பழிக்கும் படத்திலேயே எந்தப் பொருளால் முகம் அழுக்காகலாம் என்பதைப் பகட்டுதான் முடிவு செய்தது.

இப்போது, முன்னே தயங்கிய இடத்துக்கு வருகிறேன்.

அரபுக் கல்லூரியில் ஸனது பெற்று ஊர் திரும்பிய ஆண்டு, ரமளானில் இரவுத் தொழுகைக்குப் பின் பயான் செய்யும் பொறுப்பை என்னிடம் கொடுத்தார்கள். அந்நாளில் ஊர் ஊராகச் சென்று சொற்பொழிவாற்றிய ஓர் ஆலிமின் குரல்மீது எனக்கு அளவுகடந்த மோகம். அடித்தொண்டையிலிருந்து எழுந்து, நடுவில் தழுதழுத்து, முடிவில் நீளும் குரல் அது. அதை அப்படியே எடுத்துக்கொண்டேன். அவர் தழுதழுத்த இடத்தில் நானும் தழுதழுத்தேன். மூன்றாம் நாளோ நான்காம் நாளோ, சஹருக்குச் சோறு போட்டுக்கொண்டே உம்மா கேட்டார்கள்: "வாப்பா, ஒனக்குத் தொண்ட கட்டியிருக்கா? மைக்குல கேட்டேன், வேற யாரோ பேசுறாப்புல இருந்துச்சு. கஷாயம் வச்சித் தரட்டா?"

"அதெல்லாம் ஒங்களுக்கு வெளங்காது உம்மா" என்றேன். அவர்களுக்கு எழுத்து வாசனை குறைவு. எனக்கோ ஏழாண்டுப் படிப்பு. மறுநாள் என் பாய்க்கு அருகில் சுக்குக் கஷாயம் மூடி வைக்கப்பட்டிருந்தது. குடித்தேன். தொண்டையில் ஒன்றுமில்லை என்று சொல்லவில்லை.

அந்தக் குரல் என்னைவிட்டு முழுதும் நீங்கச் சில ஆண்டுகள் பிடித்தன. எப்போது நீங்கியது என்பதுகூட நினைவில்லை. உம்மா மௌத்தாகிப் பதினோர் ஆண்டுகள் ஆகின்றன. திரையில் அந்தக் குவிந்த உதட்டைக் கண்டபோதுதான், என் மகனுடைய குரல் எங்கே போயிற்று என்பதைத்தான் அவர்கள் கேட்டார்கள் என்பது எனக்கு உறைத்தது. அன்று பள்ளிவாசலில் இருந்தோர் பலரும் என் பயானைப் பாராட்டினார்கள். அவர்கள் பார்த்தவர்கள். உம்மா பார்க்கவில்லை, ஒலிபெருக்கியில் கேட்டார்கள். ஜுப்பாவும் தலைப்பாகையும் அவர்கள் கண்ணை மறைக்கவில்லை.

இதை ஒட்டி ஒரு சிக்கல் எழுகிறது. படத்தில் பெக்கியைத் திருத்துவது யார்? பில்லி. எப்படி? அவளுக்கும் ஆந்திரேவுக்கும் திருமணம் நடக்கவிருந்த நாளில் அழைப்பின்றி நுழைந்து, வாக்குவாதம் முற்ற, சோடாக் குப்பியை எடுத்து அவள் முகத்தில் மீண்டும் பீய்ச்சுகிறான். கிரீம் பலகாரம் மணமகனின் முகத்தில் போய் அப்புகிறது. ஹெர்ஸ்ட் தடுத்தது மேரியனின் முகத்துக்கு மட்டும் போலும். நனைந்த முகத்தோடு பெக்கிக்குப் பெக்கி திரும்பக் கிடைக்கிறாள். தனிமையில் சொன்னால் அது நற்போதனை, ஊரறியச் சொன்னால் அது அவமதிப்பு என்பது நம் முன்னோர் வகுத்த ஒழுக்கம். அதன்படி பில்லி செய்தது தவறு. அவன் உள்ளமும் தூயதன்று. அவனுக்கு அவள் வேண்டும். நான் எளியவன், நான் மெய்யானவன் என்னும் எண்ணத்திலும் ஒரு மிடுக்கு உண்டு. கந்தலைக் காட்டிப் பெருமைப்படுவோரையும் இமாம் கஸ்ஸாலி (ரஹ்) விட்டுவைக்கவில்லை. இவையெல்லாம் எனக்குத் தெரிகின்றன. ஆயினும் சோடாத் தண்ணீர் ஒரு நொடியில் செய்ததைக் கஷாயத்தால் ஆண்டுகள் கழிந்தும் செய்ய முடியவில்லை என்பதையும் நான் மறைக்க இயலாது. மென்மையாகக் கேட்ட உம்மாவிடம் எனக்கு விளக்கம் சொல்லும் கடன்கூட இருப்பதாகத் தோன்றவில்லை. மாணவன் ஒருவன் இரவல் குரலில் ஓதுவதைக் கேட்கும்போதெல்லாம், அவனைத் தனியே அழைப்பதா, வகுப்பிலேயே நிறுத்துவதா என்று இன்றும் தடுமாறுகிறேன். பெரும்பாலும் தனியேதான் அழைக்கிறேன். பெரும்பாலும் அவன், உஸ்தாதுக்கு இது விளங்காது என்னும் முகத்துடன்தான் திரும்பிப் போகிறான்.

படத்தின் கடைசிக் காட்சி, பெக்கி நடிக்கும் ஒரு போர்ப் படத்தின் படப்பிடிப்பு. அதன் இயக்குநராக விடாரே வருகிறார். தனக்கு இணையாக நடிக்கப் பில்லியையே அவனறியாமல் வரவழைத்திருக்கிறாள் அவள். இருவரும் அடையாளம் கண்டு சேர்கின்றனர். குடும்பத்தார் சேர்ந்து படிக்கும் இதழாகையால் அதற்கு மேல் விவரிக்க வேண்டுவதில்லை. போதும், நிறுத்துங்கள் என்று இயக்குநர் சொன்ன பிறகும் அவர்கள் காதில் அது விழவில்லை, வேலையாட்கள் ஒவ்வொருவராகக் கலைந்து போகிறார்கள் என்பதோடு விடுகிறேன். பார்ப்பதற்கு ஒருவரும் இல்லாத இடத்தில் நிகழும் முதல் காட்சி, அந்தப் படத்தில் அதுதான்.

மேரியன் டேவிஸ் கதை அதோடு முடியவில்லை. அவர் பிறந்தபோது பெற்ற குடும்பப் பெயர் டூராஸ். டேவிஸ் என்பது மேடைக்காகச் சூடியது. பேசும்போது திக்கும் இயல்பு அவருக்கு உண்டு. ஊமைப்படம் அதை மறைத்துக் காத்தது. 1941 இல் ஆர்சன் வெல்ஸ் 'சிட்டிசன் கேன்' என்னும் படத்தை எடுத்தார். அதில் வரும் பத்திரிகைச் செல்வர் ஹெர்ஸ்டின் சாயலில் வார்க்கப்பட்டவர். திறமையில்லாத ஒரு பாடகியை அவர் வலிந்து மேடையேற்றி, அவளுக்கென்றே ஓர் இசை அரங்கமும் கட்டுகிறார். அந்தப் பாடகி மேரியன்தான் என்று உலகம் முடிவு கட்டிவிட்டது. கற்பனைப் பெண்ணின் முகம் உண்மைப் பெண்ணின் முகத்தின்மேல் ஒட்டிக்கொண்டது. 'ஷோ பீப்பிள்' படத்தைப் பார்த்திராத தலைமுறைகளுக்கு அவர் திறமையற்ற நடிகை என்பதே செய்தியாயிற்று. கோமாளித்தனத்தில் அவருக்கு நிகரானவர்கள் அக்காலத்தில் சிலரே இருந்தனர் என்பதை அறிய அந்தக் கைக்குட்டைக் காட்சி ஒன்றே போதும்.

மேரியன் சொல்லிப் பதிவு செய்துவைத்த நினைவுகள் 1975 இல் நூலாக வந்தன. அதற்கு முன்னுரை எழுதியவர் வெல்ஸ். தாம் படைத்த பாடகிக்கும் மேரியனுக்கும் ஒற்றுமை இல்லை என்றும், மேரியன் சிறந்த நகைச்சுவை நடிகை என்றும் அதில் அவர் தெளிவுபடுத்தினார். படம் வெளிவந்து முப்பத்து நான்கு ஆண்டுகள் சென்றிருந்தன. மேரியன் 1961 ஆம் ஆண்டிலேயே காலமாகியிருந்தார்.